தேருக்கு எத்தனை வயது?



உங்கள் ஊர்த் தேருக்கு என்ன வயது என்று யாரையாவது கேட்டுப் பாருங்கள். தேர்முட்டிப் பக்கம் உட்கார்ந்திருக்கும் பெரியவர், "எங்க பாட்டன் காலத்துத் தேருங்க" என்பார். அருகில் இருக்கும் இன்னொருவர் விடமாட்டார். மரச்சக்கரம் போய் இரும்புச் சக்கரம் வந்த வருஷத்தைச் சொல்வார். மேல்தட்டுப் பலகைகள் போன கும்பாபிஷேகத்தின்போது மாற்றியவை, முன்னால் பாயும் குதிரைகள் அதற்கும் பிறகு வந்தவை என்று கணக்கு ஏறிக்கொண்டே போகும். கூட்டிப் பார்த்தால் பாட்டன் காலத்து மரம் அடித்தட்டில் நாலு துண்டு மிஞ்சினாலே அதிகம். ஆனாலும் பெரியவர் பொய் சொல்லவில்லை. பழுது பார்த்த அந்தத் தேரைப் புதுத்தேர் என்று ஊரில் ஒருவரும் சொல்வதில்லை.

திருவாரூரையே எடுத்துக்கொள்ளுங்கள். ஆழித்தேர் 1926இல் தீப்பிடித்து எரிந்தது. புதிதாகச் செய்த தேர் 1930இல் ஓடியது. பிறகு பல ஆண்டுகள் ஓடாமல் நின்று, 1970இல் கலைஞர் கருணாநிதி முதல்வராக இருந்தபோது மறுபடி புறப்பட்டது. இன்று அதன் இரும்புச் சக்கரமும் அச்சும் திருச்சி பெல் நிறுவனம் செய்துகொடுத்தவை. இப்படியெல்லாம் ஆன பிறகும் ஆரூர்க்காரர்களுக்கு அது அப்பர் பாடிய தேர்தான். கிரேக்கர்கள் இதையே ஒரு கப்பலை வைத்துக் கேட்டார்கள். புராண வீரன் தீசியஸின் கப்பலில் உளுத்த பலகையை எடுத்துவிட்டுப் புதுப் பலகை அடித்துக்கொண்டே வந்தால் ஒருநாள் பழைய பலகை ஒன்றுகூட இருக்காது, அப்போதும் அது அதே கப்பலா என்று ஏதன்ஸில் வாதாடியதைப் பழைய கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் எழுதிவைத்திருக்கிறார். நம்மூரில் அந்த வாதம் நடந்ததாகத் தெரியவில்லை. தச்சரைக் கூப்பிட்டார்கள், தேரை ஓட்டினார்கள்.

இந்த இதழை நினைவுக்கென்று ஒதுக்கியிருக்கிறோம். நம்மை நாமாக வைத்திருப்பது எது, அதில் நினைவின் பங்கு என்ன, கலைக்கு அதிலிருந்து கிடைப்பது என்ன என்று உள்ளே பலரும் எழுதியிருக்கிறார்கள். என் பங்குக்கு நான் எடுத்துக்கொண்ட ஊர் அரும்பாவூர்.

பச்சைமலை அடிவாரத்தில், வேப்பந்தட்டை வட்டத்தில் இருக்கும் பேரூராட்சி அது. பெரம்பலூர் மாவட்டம் என்றதும் வெளியூர்க்காரர்களுக்குச் சின்ன வெங்காயமும் மக்காச்சோளமும்தான் நினைவுக்கு வரும். ஆனால் கோயில்களுக்குத் தேரும் வாகனமும், வீடுகளுக்குச் சாமி சிலையும் தேடுகிறவர்கள் அரும்பாவூருக்கும் பக்கத்துத் தழுதாழைக்கும் வழி கேட்டு வருகிறார்கள். 2020இல் தஞ்சாவூர் நெட்டி வேலைப்பாட்டோடு சேர்த்து அரும்பாவூர் மரச்சிற்பத்துக்கும் புவிசார் குறியீடு கிடைத்தது. வாகை, மா, வேம்பு, மாவிலங்கை என்று சுற்றுவட்டாரத்து மரங்களில்தான் பெரும்பாலும் வேலை. ஒட்டுப் போடாமல் ஒரே கட்டையில் முழு உருவத்தையும் எடுப்பது இவர்கள் பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் விஷயம்.

ஒரே கட்டை என்பது கேட்பதற்குத்தான் சுலபம். மரத்துக்குள் கணு எங்கே ஒளிந்திருக்கிறது என்று வெளியிலிருந்து சொல்ல முடியாது. கட்டையின் நடுவே மேலிருந்து கீழாக ஒரு கோடு போட்டு, அதற்கு இருபுறமும் அளவு குறித்து, தடித்த உளியும் கொட்டாப்புளியுமாக வேண்டாத மரத்தைத் தட்டி எடுத்துக்கொண்டே வரும்போது, மூக்கு வரவேண்டிய இடத்தில் கணு எதிர்ப்படும். உலோகமாக இருந்தால் உருக்கி மறுபடி வார்க்கலாம். மரத்தில் எடுத்தது எடுத்ததுதான். சிற்பி முகத்தைக் கொஞ்சம் உள்ளே தள்ளுகிறார், அல்லது தலையை ஒரு நூல் சாய்க்கிறார். அதற்குத் தகுந்தாற்போல் தோள் மாறுகிறது, தோளுக்குத் தகுந்தாற்போல் கையில் இருக்கும் பூ மாறுகிறது. அடுத்தடுத்து வைத்திருக்கும் பத்துப் பிள்ளையார்களை நின்று நிதானமாகப் பாருங்கள். பத்தும் பத்து விதம்.

"எதைப் பார்த்துச் செய்யறீங்க?" என்று கேட்டால் படத்தைக் காட்டுவார்கள், வாடிக்கையாளர் கைப்பேசியில் அனுப்பியதைக் காட்டுவார்கள். ஆனால் வேலை நடக்கும்போது கவனித்தால் அவர்கள் பார்வை படத்துக்குப் போவதே அபூர்வம். கை தானாகப் போகும். எப்படிப் போகிறது என்று விளக்கச் சொன்னால் அவர்களுக்கே சொல்லத் தெரியாது. சொல்லத் தெரியாததைத் தெரியாதது என்று நினைப்பது படித்தவர்களான நம் வழக்கம். எனக்கு அந்த வழக்கம் குறைந்தது மூளை மருத்துவ வரலாற்றில் நடந்த ஒரு சம்பவத்தைப் படித்த பிறகுதான்.

1953இல் அமெரிக்காவில், வலிப்பு நோயால் அவதிப்பட்ட ஹென்றி மொலேசன் என்ற 27 வயது இளைஞருக்கு வில்லியம் ஸ்கோவில் என்ற மருத்துவர் அறுவைச் சிகிச்சை செய்தார். மூளையின் இரு பக்கமும் ஹிப்போகாம்பஸ் பகுதியில் பெரும்பங்கை எடுத்துவிட்டார். வலிப்பு குறைந்தது. ஆனால் அதன் பிறகு அந்த மனிதரால் புதிதாக எதையும் நினைவில் வைக்க முடியவில்லை. இப்போது பேசிவிட்டு எழுந்து போனவரை, சற்று நேரம் கழித்துத் திரும்பி வந்தால் தெரியாது. அவரைப் பல ஆண்டுகள் ஆராய்ந்த பிரெண்டா மில்னர் ஒரு சோதனை வைத்தார். இரட்டைக் கோட்டில் ஒரு நட்சத்திரம். கையை நேராகப் பார்க்காமல், கண்ணாடியில் தெரியும் பிம்பத்தை மட்டும் பார்த்துக்கொண்டு இரண்டு கோட்டுக்கும் நடுவே வரைய வேண்டும். முதலில் யாருக்குமே கை எதிர்ப்பக்கம் இழுக்கும். மொலேசன் மூன்று நாளில் நன்றாகவே வரையக் கற்றுக்கொண்டார். ஒவ்வொரு நாளும், இதற்கு முன் இதைச் செய்ததாக அவருக்கு நினைவே இல்லை. மனிதருக்குத் தெரியாமல் கை கற்றுக்கொண்டிருந்தது. அவர் 2008இல் இறக்கும்வரை ஆராய்ச்சி உலகம் அவரை இரண்டு எழுத்தால் மட்டுமே அழைத்தது.

மில்னர் ஆய்வுக்கூடத்தில் கண்டது பட்டறைகளுக்குப் புதிதல்ல. தொழிலுக்கு வரும் பையனுக்கு முதல் நாளே யாரும் சிற்ப நூல் ஓதுவதில்லை. உளி தீட்டு, உப்புத்தாள் போடு, சீவலைக் கூட்டு என்றுதான் ஆரம்பம். உளியின் வாய் சரியாக வந்துவிட்டது என்று விரல் நுனிக்குத் தெரியும் நாளில் பாதிப் பாடம் முடிந்திருக்கும்.

கணக்கு இல்லாமலில்லை. முகத்தின் நீளம் ஒரு தாளம், அதைப் பன்னிரண்டாகப் பிரித்தால் ஒன்று ஒரு அங்குலம். பெரிய தெய்வங்களுக்கு உத்தம தச தாளம் என்று உச்சியிலிருந்து பாதம்வரை 124 அங்குலம். நவதாளத்துக்கு 108. பிள்ளையாருக்குப் பஞ்சதாளம், அதனால்தான் அவர் எவ்வளவு பெரிய சிலையானாலும் குழந்தையாகவே தெரிகிறார். இதில் அழகு என்னவென்றால் இந்த அங்குலம் நம் ஸ்கேலில் இருக்கும் அங்குலம் இல்லை. செய்யப்போகும் உருவத்தின் உயரத்திலிருந்தே பிறப்பது. கைக்கு அடங்கும் சிலையானாலும் ஆளுயரச் சிலையானாலும் விகிதம் ஒன்றுதான். சுவாமிமலையில் ஐம்பொன் சிற்பிகள் இதற்குத் தென்னை ஓலை நறுக்கு ஒன்றை மடித்து மடித்து அளவு எடுப்பார்கள். சிலை முடிந்ததும் ஓலையைக் காப்பாற்ற வேண்டியதில்லை, அடுத்த சிலைக்கு வேறு ஓலை. பாதுகாக்கப்படுவது மடிக்கத் தெரிந்த விரல்.

நினைவு என்றதும் நாம் பெட்டகம், ஆல்பம், பதிவேடு என்றே யோசிக்கிறோம். வைத்த இடத்தில் வைத்தபடி இருக்கும் என்று நம்புகிறோம். கேம்பிரிட்ஜில் உளவியல் பேராசிரியராக இருந்த ஃபிரெடரிக் பார்ட்லெட் 1932இல் வெளியிட்ட நூல் இந்த நம்பிக்கையைக் கலைத்தது. வட அமெரிக்கப் பழங்குடிக் கதை ஒன்றைப் படிக்கக் கொடுத்து, நாள் கடந்து, வாரம் கடந்து, திரும்பச் சொல்லச் சொன்னார். கதையில் இருந்த மரத்தோணி ஆங்கிலேயர் வாயில் சாதாரணப் படகாகிவிட்டது. புரியாத பேய் விவகாரமெல்லாம் கழன்று விழுந்தது. ஒவ்வொரு முறை சொல்லும்போதும் கதையை அவர்கள் புதிதாகக் கட்டினார்கள், கைக்குக் கிடைத்த மரத்தை வைத்து. நம் வீடுகளில் ஒரே கல்யாணச் சண்டையைப் பெரியப்பா ஒரு விதமாகவும் அத்தை ஒரு விதமாகவும் சொல்வதைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது பெரிய கண்டுபிடிப்பாகத் தோன்றாது. ஆனால் இதிலிருந்து பார்ட்லெட் வந்து சேர்ந்த இடம் முக்கியமானது. மாறுவதை நினைவின் பழுதாக எண்ணக்கூடாது, அது வேலை செய்யும் முறையே அப்படித்தான். கணுவைக் கண்டு தலையைச் சாய்த்த பிள்ளையாருக்கும் இது பொருந்தும்.

இந்த நூற்றாண்டில் கையின் நினைவுக்கு ஒரு சோதனை வந்திருக்கிறது. கதவுப் பலகைகளில் பூவேலை செய்ய கணினியில் இயங்கும் சி.என்.சி. இயந்திரங்கள் வந்துவிட்டன. விலை குறைவு, வேகம் அதிகம். சிற்பிகள் சிலரே முரட்டு வேலையை அதில் முடித்துவிட்டு நுணுக்கத்தைக் கையில் செய்வதுண்டு. அதைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை, பிழைப்பு அவர்களுடையது. ஆனால் அந்த இயந்திரத்துக்கு நினைவு இருப்பதாக மட்டும் ஒப்புக்கொள்ளமாட்டேன். நூறாவது பலகையையும் முதல் பலகை மாதிரியே அது செய்யும். தொண்ணூற்றொன்பது பலகை செய்ததால் அதற்கு எதுவும் ஆகிவிடவில்லை.

ஆள் யார் என்பதற்கு நினைவையே அளவுகோலாக வைத்தவர் ஆங்கிலேயத் தத்துவவாதி ஜான் லாக். 1694இல் வந்த தன் நூலின் இரண்டாம் பதிப்பில், பழைய செயலை உனது என்று உன்னால் எதுவரை நினைவுகூர முடிகிறதோ அதுவரைதான் நீ என்கிற பொருளில் எழுதினார். 1785இல் இன்னொரு தத்துவவாதி தாமஸ் ரீட் அவரை ஒரு கதையால் மடக்கினார். பழம் திருடி அடிவாங்கிய பையன் வளர்ந்து போர்க்களத்தில் கொடியைப் பறித்த அதிகாரியாகிறான், பிறகு தளபதியாகிறான். அதிகாரிக்குச் சிறுவயது அடி நினைவிருக்கிறது. தளபதிக்குக் கொடி நினைவிருக்கிறது, அடி மறந்துவிட்டது. லாக் சொல்வதுபடி பார்த்தால் தளபதியும் அந்தப் பையனும் வேறு வேறு ஆள் என்றல்லவா ஆகிறது?

ரீடின் கேள்விக்கு அரும்பாவூரில் பதில் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுவதுண்டு. இன்று உளி பிடிக்கும் இளைஞன் அப்பாவின் கையைப் பார்த்துக் கற்றவன். அப்பா தாத்தாவின் கையைப் பார்த்தவர். தாத்தாவின் தாத்தா எப்படி உளி பிடித்தார் என்று பார்த்தவர் இன்று யாரும் இல்லை. தேர்வடத்தைப் பிரித்துப் பாருங்கள், எந்த ஒரு நாரும் முழு நீளத்துக்கு ஓடுவதில்லை. குட்டை நார்கள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி முறுக்கிக்கொண்டிருப்பதுதான் வடம், அதைப் பிடித்துத்தான் ஊரே இழுக்கிறது. தத்துவவாதி விட்கன்ஸ்டைன் நூற்கும் நூலை வைத்து இதையே சொல்லியிருக்கிறார். அவர் தேரோட்டம் பார்த்திருந்தால் நூலை விட்டிருப்பார்.

நார் இடையில் அற்றுப்போனால் என்ன ஆகும் என்பதற்கும் பக்கத்திலேயே ஊர் இருக்கிறது. அரியலூர் மாவட்டத்தில், உடையார்பாளையம் பக்கம், கொள்ளிடக் கரையில் கோடாலிக்கருப்பூர். (மாவட்டத்தைச் சொல்லும்போது ஒரு சிரிப்பு வரும். அரியலூர் 2001இல் தனி மாவட்டமாகி, 2002இல் பெரம்பலூரோடு திரும்பச் சேர்ந்து, 2007இல் மறுபடி பிரிந்தது. அந்த ஆறேழு வருஷத்தில் முகவரி எழுதியவர்களைக் கேட்டால் தெரியும், தான் யார் என்ற குழப்பம் ஆளுக்கு மட்டும் வருவதில்லை.) தஞ்சை மராட்டிய அரச குடும்பத்துக்காகக் கோடாலிக்கருப்பூரில் நெய்த புடவை இந்தியாவின் மிகச் சிக்கலான துணிகளில் ஒன்று. தறியிலேயே ஜரிகையை ஜம்தானி முறையில் கோத்து நெய்வார்கள். நெய்து முடித்த துணியில் மெழுகால் எழுதி, சாயம் தோய்த்து, மறுபடி எழுதி, மறுபடி தோய்ப்பார்கள். நெசவுக்காரரும் எழுத்துக்காரரும் ஒருவர் மனதில் இருப்பதை மற்றவர் அறிந்து வேலை செய்தால்தான் பூவின் ஜரிகையும் பூவின் சிவப்பும் ஒன்றன்மேல் ஒன்று உட்காரும். பரோடா, கோலாப்பூர் அரண்மனைகள்வரை இந்தத் துணி மரியாதைப் பரிசாகப் போயிருக்கிறது.

1855இல் இரண்டாம் சிவாஜியோடு தஞ்சை அரச பரம்பரையின் ஆட்சி முடிந்தது. வாங்குகிறவர் இல்லை. இறக்குமதித் துணி மலிவு. பத்தொன்பதாம் நூற்றாண்டோடு புடவை நின்றுபோனது. துணி இன்றும் இருக்கிறது, அகமதாபாத் காலிகோ அருங்காட்சியகம் போன்ற இடங்களில் கண்ணாடிக்குள் பத்திரமாக. இழை எண்ணலாம், சாயத்தைச் சோதிக்கலாம். அதைப் பார்த்து மறுபடி நெய்யும் முயற்சிகளும் நடந்திருக்கின்றன. ஆனால் செய்கிறவர் பக்கத்தில் உட்கார்ந்து, 'இங்கே கொஞ்சம் பொறு, மெழுகு இன்னும் சூடு குறையணும்' என்று சொல்லக்கூடிய ஆள் போய்விட்ட பிறகு, ஒவ்வொரு அசைவையும் ஊகித்துத்தான் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

முழுக்கப் போய்விடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். எழுத்து வேலை தப்பியது. கோயில்களுக்குத் தொம்பையும் விதானமும் தோரணமும் தேவைப்பட்டுக்கொண்டே இருந்ததால், கருப்பூரிலும் கொள்ளிடத்துக்குத் தெற்கே சிக்கல்நாயக்கன்பேட்டையிலும் கலம்காரி என்னும் அந்த எழுத்து வேலை தொடர்ந்தது. 2021இல் அதற்குப் புவிசார் குறியீடும் வந்தது. தறி மறந்தது, பேனா மறக்கவில்லை. காரணம் உணர்ச்சிபூர்வமானதல்ல. அரசர் போனால் வேறு அரசர் வரமாட்டார், திருவிழா ஆண்டுதோறும் வரும். தேரில் நாலு பக்கமும் தொங்கும் தொம்பை வெயிலிலும் மழையிலும் சாயம் போகும், கிழியும், மறுபடி செய்தாக வேண்டும். கிழிந்துபோவதே அந்தக் கலையைக் காப்பாற்றியது என்று சொன்னால் மிகையில்லை.

ஜப்பானியர்கள் இதைத் தெரிந்தே செய்கிறார்கள். இசே ஆலயத்தை இருபது ஆண்டுக்கு ஒருமுறை அருகிலேயே முழுக்கப் புதிதாகக் கட்டி, பழையதைப் பிரித்துவிடுவார்கள். 62ஆவது முறையாக 2013இல் கட்டினார்கள், அடுத்தது 2033இல். ஒரு முறை உதவியாளாக நின்ற தச்சர் அடுத்த முறை முன்னின்று நடத்தலாம். நம் தேர்களுக்கு அப்படி ஆண்டுக்கணக்கு இல்லை. பணம் சேர வேண்டும், அறநிலையத்துறை அனுமதி வர வேண்டும், ஊர் ஒன்றுபட வேண்டும்.

கடைசியாகச் சொன்னது சின்ன விஷயம் இல்லை. ஊரின் நினைவில் வடம் இழுத்தவர்களின் பெயர் இருப்பதுபோல, வடத்தைத் தொடவிடாமல் நிறுத்தப்பட்டவர்களின் நினைவும் இருக்கிறது. சிவகங்கை மாவட்டம் கண்டதேவியில் யார் வடம் பிடிப்பது என்ற தகராறில் பல ஆண்டுகள் நின்ற தேர், நீதிமன்றம்வரை போய், 2024 ஜூனில்தான் ஓடியது. 'இதுதான் எங்கள் வழக்கம்' என்று ஒரு தரப்பு நினைவைக் காட்டும்போது அது எந்த ஆண்டிலிருந்து தொடங்குகிறது, யாருடைய நினைவை விட்டுவிட்டுச் சொல்கிறது என்று கேட்பதில் தவறில்லை. சிற்பி கணுவுக்காகத் தலையைச் சாய்க்கலாம் என்றால் ஊரும் சாய்க்கலாம்.

பெரம்பலூர்ப் பக்கம் போகிறவர்கள் சாத்தனூரையும் பார்த்துவிட்டு வாருங்கள். 1940இல் புவியியலாளர் எம்.எஸ். கிருஷ்ணன் உலகுக்கு அறிவித்த கல்மரம் அங்கே கிடக்கிறது. சுமார் பன்னிரண்டு கோடி ஆண்டு பழையது, பதினெட்டு மீட்டர் நீளம். இந்தப் பகுதியைக் கடல் மூடியிருந்த காலத்தில் மண்ணுக்குள் புதைந்து, மரத்தின் பொருள் கொஞ்சம் கொஞ்சமாக நீங்க, அந்த இடத்தில் கனிமம் நிரம்பிக் கல்லாகியிருக்கிறது. மரத்தின் வடிவம் அப்படியே, ஆனால் மரம் துளிகூட இல்லை. அதே மாவட்டத்துத் தேரிலும் பழைய மரம் இருக்காது, வடிவம் இருக்கும். இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று பிள்ளைகளைக் கேளுங்கள். பெரியவர்களைவிட அவர்கள் சீக்கிரம் சொல்வார்கள், எது மறுபடி ஓடும் என்று.

அடுத்த இதழுக்கு உங்களிடமிருந்து ஒன்று வேண்டும். உங்கள் ஊர்த் தேரில், சப்பரத்தில், கோயில் கதவில், அல்லது வீட்டு நிலைப்படியில் இருக்கும் ஒரு மரவேலையைப் பற்றி எழுதி அனுப்புங்கள். செய்தவர் எந்த ஊர்க்காரர், எந்த மரம், எத்தனை பேர் வேலை பார்த்தார்கள், கூலியாகப் பணம் கொடுத்தார்களா நெல் அளந்தார்களா என்று வீட்டில் பெரியவர்களைக் கேட்டு எழுதுங்கள். எழுத நேரமில்லாதவர்கள் அவர்கள் பேச்சையே பதிவு செய்து அனுப்பலாம், நாங்கள் எழுதிக்கொள்கிறோம். ஒரே நிலைப்படியைப் பற்றிப் பெரியப்பா ஒன்றும் அத்தை வேறொன்றும் சொன்னால் இரண்டையும் அனுப்புங்கள். எது சரி என்று நாங்கள் பஞ்சாயத்து பண்ணப் போவதில்லை, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போடுவோம்.

அன்புடன்,
ஆசிரியர்